பாட்டில் சிவந்தது சரி, இரண்டு மட்டும் ஏன் பச்சையானது?

கேள்வி: ஐயா, வணக்கம். வேலூர் மாவட்டம் அணைக்கட்டு வட்டத்தில் ஒன்றரை ஏக்கர் கழனியில் நெல்லும், அரை ஏக்கரில் முள்ளுக் கத்திரியும் வைத்திருக்கிறோம். ஒளிச்சேர்க்கை பாக்டீரியா என்று ஒரு சிவப்புத் திரவம் வாங்கி, செல்போனில் பார்த்தபடி முட்டையும் அஜினோமோட்டோவும் கலந்து ஆறு பாட்டிலில் பெருக்கினேன். மூன்று சிவந்தன. இரண்டு பச்சையாகிவிட்டன. ஒன்று வெள்ளையாகவே இருந்து நாறுகிறது. பச்சையை ஊற்றலாமா? இதை ஊற்றினால் யூரியாவே வேண்டாம் என்கிறார்களே, உண்மையா? பசுந்தாள் உரமாகத் தக்கைப்பூண்டு மடக்கி நட்ட கழனியில் பள்ளமான மூலை மட்டும் மஞ்சளாக நிற்கிறது, கால் வைத்தால் குமிழி வந்து கூமுட்டை நாற்றம் அடிக்கிறது. அங்கே இது கேட்குமா? பேரணாம்பட்டில் மைத்துனர் நிலத்துக்குப் பக்கத்தில் ஒரு குட்டை முழுக்க ரோஸ் நிறம். அதே பாக்டீரியாதான், அள்ளிக்கொண்டு போ என்கிறார். எடுக்கலாமா?

பதில்: பச்சை பாட்டில் இரண்டையும் பயிருக்கு ஊற்ற வேண்டாம் ஐயா, எருக்குழியில் கொட்டிவிடுங்கள். வெள்ளை பாட்டிலை இன்னும் ஒரு வாரம் வெளிச்சத்தில் வைத்துப் பாருங்கள், அது சிவக்க வாய்ப்பு உண்டு. பள்ள மூலைக்கு முதல் மருந்து இந்தத் திரவம் இல்லை, மடையைத் திறந்து தண்ணீரை வடிப்பதுதான். அதை இன்றைக்கே செய்யுங்கள். மற்றதை ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

முதலில் இந்த உயிரி எப்படிப் பிழைக்கிறது என்று தெரிந்தால் உங்கள் பாதிக் கேள்விக்கு நீங்களே பதில் சொல்லிவிடுவீர்கள். 'ஒளிச்சேர்க்கை' என்றதும், இலை செய்கிற வேலையை இதுவும் சேர்ந்து செய்து பயிருக்கு மாவுச்சத்து ஊட்டும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. இலை தண்ணீரை உடைத்து, ஹைட்ரஜனை எடுத்துக்கொண்டு, ஆக்சிஜனை வெளியே விடுகிறது. இந்தச் சிவப்பு பாக்டீரியாவால் தண்ணீரை உடைக்க முடியாது. அழுகும் பொருளிலிருந்து வரும் கரிம அமிலங்களைத்தான் அது பிடித்துக்கொள்ளும். இதன் உறவினர் சில கூமுட்டை வாயுவான ஹைட்ரஜன் சல்பைடையே பிடித்து, உள்ளே கந்தகத் துகளாகச் சேர்த்துக்கொள்ளும். எதுவானாலும் ஆக்சிஜன் வெளிவராது. கந்தகத்தைத் தின்னும் இந்த பாக்டீரியாக்களை ஆராய்ந்துதான், செடி விடும் ஆக்சிஜன் தண்ணீரிலிருந்து வர வேண்டும் என்ற முடிவுக்கு 1931இல் வான் நீல் என்ற விஞ்ஞானி வந்தார். இலையைப் பற்றிய பெரிய உண்மை ஒன்று சேற்றுக்குள்ளிருந்து கிடைத்தது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

நீங்கள் வாங்கிய திரவத்தில் பெரும்பாலும் இருப்பது ரோடோசூடோமோனாஸ் பாலஸ்ட்ரிஸ் என்ற இனம். இது எதற்கும் வளைந்து கொடுக்கும். வெளிச்சம் இருந்து காற்று இல்லாவிட்டால் ஒளியை வைத்துப் பிழைக்கும். காற்று இருந்தால் இருட்டில்கூட நம்மைப் போல மூச்சுவிட்டு வாழும். ஆனால் காற்று பட்டால் சிவப்பு நிறமியை உண்டாக்குவதை நிறுத்திவிடும். பாட்டிலின் நிறம் ஆழ்ந்த சிவப்பாக இருந்தால் உள்ளே காற்று இல்லை, ஒளியில் வேலை நடக்கிறது என்று பொருள். ஆகவே நிறம் வெறும் அழகு இல்லை, அதை வைத்து உள்ளே என்ன நடக்கிறது என்று படித்துவிடலாம்.

இப்போது உங்கள் ஆறு பாட்டிலுக்கு வருவோம். முட்டையை ஊற்றிய உடனே சிவப்பு பாக்டீரியா அதைத் தின்பதில்லை. தண்ணீரிலும் முட்டையிலும் இருக்கும் வேறு பாக்டீரியாக்கள் முதலில் புரதத்தை உடைத்து, பாட்டிலில் மிஞ்சிய ஆக்சிஜனையும் காலி செய்கின்றன. நாற்றம் அடிப்பது அப்போதுதான். அந்த அமிலங்கள் சேர்ந்த பிறகே சிவப்பு இனம் தலையெடுக்கும். வெள்ளை பாட்டில் அந்த முதல் கட்டத்திலேயே நிற்கிறது. முட்டை அதிகமாகிவிட்டாலோ, தாய்த் திரவம் குறைவாக ஊற்றினாலோ இப்படி ஆகும். இன்னும் ஒரு வாரத்தில் அடியிலிருந்து இளஞ்சிவப்பு ஏறவில்லை என்றால் அதுவும் எருக்குழிக்குத்தான்.

பச்சையானது வேறு கதை. கிணற்றுத் தண்ணீரிலோ தொட்டித் தண்ணீரிலோ இருந்த பச்சைப்பாசி முந்திக்கொண்டது. பாசி செடியைப் போல ஆக்சிஜன் விடும். பாட்டிலுக்குள் ஆக்சிஜன் வந்துவிட்டால் சிவப்பு இனத்தின் கை ஓய்ந்துவிடும். பாட்டிலை முக்கால் அளவுக்கு நிரப்பி மேலே காற்றுக்கு இடம் விட்டிருந்தால் பாசிக்கு இன்னும் கொண்டாட்டம். அடுத்த முறை தண்ணீரைக் கொதிக்கவைத்து ஆறவிடுங்கள். குளோரின் கலந்த குழாய்த் தண்ணீர் என்றால் ஓர் இரவு திறந்து வைத்த பிறகு காய்ச்சுங்கள். உப்புக் கிணற்று நீரைத் தவிர்த்து, மழைநீர் இருந்தால் அதை எடுங்கள். ஒரு லிட்டர் பாட்டிலுக்கு நன்றாகச் சிவந்த தாய்த் திரவம் 100 முதல் 200 மி.லி. ஊற்றி, கழுத்து வரை நிரப்பி மூடுங்கள். தினமும் ஒருமுறை மூடியை லேசாகத் தளர்த்தி வாயுவை விட்டு உடனே இறுக்குங்கள். அதைத் திறந்த வெளியில் செய்யுங்கள், பக்கத்தில் பீடி, அடுப்பு வேண்டாம். வருகிற வாயுவில் ஹைட்ரஜனும் இருக்கும்.

அந்த ஹைட்ரஜனுக்கும் உங்கள் அஜினோமோட்டோவுக்கும் தொடர்பு உண்டு. 1949இல் கெஸ்ட், கேமன் என்ற இருவர் இதே குடும்பத்து பாக்டீரியா ஒன்றுக்குக் குளூட்டமேட்டைத் தழைச்சத்து (நைட்ரஜன்) உணவாகக் கொடுத்தபோது ஹைட்ரஜன் குமிழி குமிழியாக வந்தது. அம்மோனியம் உப்பைக் கொடுத்தால் நின்றுவிட்டது. அதைத் தொடர்ந்து போய்த்தான், இந்த பாக்டீரியா காற்றிலுள்ள தழைச்சத்தைப் பிடிக்கும் என்று கண்டுபிடித்தார்கள். இரண்டு வேலையையும் செய்வது ஒரே நொதி. அஜினோமோட்டோ என்பது சோடியம் குளூட்டமேட்தான். செல்போனில் முறை சொன்னவருக்கு இது தெரியுமோ என்னவோ, சரக்கு சரியான சரக்கு.

வெயில் விஷயத்தில் நம் ஊருக்குத் தனி எச்சரிக்கை தேவை. இதற்கு 25 முதல் 35 டிகிரி வரை சுகம். கத்திரி வெயிலில் மொட்டைமாடி ஓட்டின் மேல் வைத்த பாட்டில் உள்ளுக்குள் வெந்துபோகும். வேப்பமரத்தடி நிழல் போதும். இலை சிவப்பு ஒளியை 700 நானோமீட்டர் வரைதான் எடுக்கும், இந்த பாக்டீரியா 800 முதல் 900 வரை உள்ள அகச்சிவப்பை எடுக்கும். அந்த ஒளியில் பெரும் பங்கை இலை பிடித்துக்கொள்ளாமல் கீழே விட்டுவிடுகிறது. நெல் தழைத்து மூடிய பிறகும் கழனித் தரையில் இதற்கு வெளிச்சம் கிடைப்பது இப்படித்தான். மழைக்காலத்தில் பழைய குண்டு பல்பு ஒன்றை ஓர் அடி தள்ளிப் போடலாம். எல்.இ.டி. பல்பில் அந்த அகச்சிவப்பு கிடைக்காது. நீல டிரம்மில் பெருக்கலாமா என்று அப்புறம் கேட்காதீர்கள், உள்ளே வெளிச்சம் போகாது.

பள்ள மூலைக்குப் போவோம். ஒரு குத்தை மெதுவாகப் பிடுங்கி, வாய்க்கால் நீரில் வேரை அலசிப் பாருங்கள். வேரின் மேல் செம்பழுப்பாகத் துரு படிந்திருந்தால் பயமில்லை, வேர் ஆக்சிஜனை வெளியே விட்டு இரும்பைத் துருவாக்கித் தன்னைக் காத்துக்கொள்கிறது. கறுத்து, நுனி அழுகி, கூமுட்டை நாற்றம் வந்தால் அது சல்பைடு நஞ்சு. நீங்கள் தக்கைப்பூண்டை முற்றவிட்டு மடக்கி, மக்க நாள் கொடுக்காமல் நட்டிருப்பீர்கள் என்று நினைக்கிறேன். தண்ணீருக்கடியில் அழுகும்போது சல்பேட்டைச் சல்பைடாக மாற்றும் பாக்டீரியாக்கள் பெருகிவிட்டன. பள்ளத்தில் தண்ணீர் நகராமல் நிற்பதால் அங்கே மட்டும் தெரிகிறது.

வடித்துவிட்டு, மயிரிழை வெடிப்பு தெரியும் வரை காயவிடுங்கள். பிறகு ஒரு விரற்கடை தண்ணீர் கட்டுங்கள். காய்ச்சலும் பாய்ச்சலுமாக இரண்டு முறை செய்தால் புது வெள்ளை வேர் விடும். இந்தப் பட்டம் முழுவதும் அந்த மூலைக்கு அம்மோனியம் சல்பேட் போட வேண்டாம், அது சல்பைடுக்குத் தீனி. இரண்டாவது பாய்ச்சலின்போது சிவந்த மூன்று பாட்டிலையும் மடைத் தண்ணீரோடு அந்த மூலைக்கே கலந்து விடுங்கள். மேலே வெளிச்சம், கீழே காற்றில்லாச் சேறு, நடுவில் அழுகும் தழை: இது பிழைக்கத் தோதான இடம் உங்கள் நிலத்தில் அதுதான். ஆனால் மண்ணுக்குள் வெளிச்சம் ஓரிரு மில்லிமீட்டருக்கு மேல் இறங்காது. ஆகவே சேற்றின் மேல்தோலில்தான் இது ஒளியை வைத்து வேலை செய்யும், வேரடி வரை போய்ச் சுத்தம் செய்யும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

கத்திரிக்கு? சொட்டுநீர் மேட்டுப்பாத்தியில் ஈரம் குறைவு, காற்றோட்டம் அதிகம். அங்கே ஊற்றினால் இது மக்கும் பொருளைத் தின்னும் சாதாரண பாக்டீரியாவாக வாழ்ந்து போகும். இலையில் தெளித்தால் வெயிலிலும் காற்றிலும் அதிக நாள் தாங்காது. அமினோ அமிலம் போன்ற சத்துகளால் கொஞ்சம் பச்சை கட்டலாம், அதற்கு மேல் அதில் மாயம் இல்லை. பச்சை முட்டையில் சால்மொனெல்லா இருக்கலாம் என்பதையும் மறக்கக் கூடாது. நாலு நாளுக்கு ஒருமுறை பறித்துச் சந்தைக்கு அனுப்பும் காயின் மேல் முட்டைக் கரைசலைத் தெளிப்பது எனக்குச் சம்மதமில்லை. இலவம்பாடிக் கத்திரிக்குப் புவிசார் குறியீடு வாங்கி வைத்திருக்கும் ஊர்க்காரர்கள் நாம், காய்க்குக் கெட்ட பெயர் வரக் கூடாது. ஊற்றியே ஆக வேண்டும் என்றால் பூக்கும் முன்பு வேருக்கு மட்டும் ஊற்றுங்கள். காப்பர் ஆக்சிகுளோரைடு போன்ற மருந்துகளோடு எப்போதும் கலக்காதீர்கள், பாக்டீரியா செத்துவிடும். இன்னொன்று, ஒளிச்சேர்க்கை பாக்டீரியாவை ஆங்கிலத்தில் சுருக்கி உரக்கடையில் பி.எஸ்.பி. என்று கேட்டால் பாஸ்போபாக்டீரியாவைத்தான் தருவார்கள். அது மண்ணுக்குள் மணிச்சத்தைக் கரைக்கும் வேறு இனம். கத்திரிக்கு உண்மையில் அதுதான் பொருத்தம்.

யூரியாவை நிறுத்தாதீர்கள். இந்த பாக்டீரியா காற்றிலிருந்து தழைச்சத்தைப் பிடிப்பது உண்மை. ஆனால் ஏக்கருக்கு ஐந்து பத்து லிட்டரில் போவதை வைத்து ஒரு நெல் பயிரின் பசியைத் தீர்க்க முடியாது. அதோடு, மண்ணில் அம்மோனியா தாராளமாக இருந்தால் அந்த நொதி வேலையை நிறுத்திவிடும். யூரியா போட்ட கையோடு இதை ஊற்றுவது வீண்.

ஒளியில் வாழும் பாக்டீரியா ஒன்று நெல்லுக்குத் தழைச்சத்து தர வேண்டும் என்றால், நீங்கள் தேட வேண்டியது நீலப்பச்சைப் பாசி. பெயர்தான் பாசி, இனம் பாக்டீரியா. இது தண்ணீரை உடைக்கத் தெரிந்தது, ஆக்சிஜனும் விடும். நெல் வயலில் தழைச்சத்து சேர்ப்பது இதுதான் என்று பி. கே. டே என்ற நம் நாட்டு ஆராய்ச்சியாளர் 1939லேயே காட்டினார். ஒரு பட்டத்துக்கு ஹெக்டேருக்கு 20 முதல் 30 கிலோ தழைச்சத்து என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. ஏக்கருக்கு 4 கிலோ, நட்ட பத்தாம் நாள், நிற்கும் தண்ணீரில் தூவ வேண்டும். அசோலா என்ற நீர்ப்பெரணியின் இலைக்குள் குடியிருப்பதும் இதே குடும்பத்து அனபீனாதான். தக்கைப்பூண்டும் மடக்கியிருப்பதால் உங்களுக்கு யூரியா கட்டாயம் குறையும். எவ்வளவு குறையும் என்பதை, இலையின் பச்சையை எண்ணிட்ட நிறங்களோடு ஒப்பிட்டுப் பார்க்கும் இலை வண்ண அட்டை சொல்லட்டும். நட்ட 14ஆம் நாளிலிருந்து வாரம் ஒருமுறை காலையில் பாருங்கள். வெள்ளைப் பொன்னிக்கு 3, மற்ற ரகங்களுக்கு 4. அதற்குக் கீழே இறங்கினால் மட்டும் மேலுரம் போடுங்கள். பள்ள மூலையின் மஞ்சளை மட்டும் பார்த்து யூரியா தூவிவிடாதீர்கள், அது பசி மஞ்சள் இல்லை.

சிவப்புத் திரவம் உங்கள் கழனிக்கு என்ன செய்கிறது என்று நிஜமாகத் தெரிய வேண்டுமானால், அடுத்த பட்டத்தில் ஒரு பாத்திக்கு விட்டு, ஒட்டிய பாத்திக்கு விடாமல் நிறுத்துங்கள். இரண்டையும் தனித்தனியாகத் தூற்றி எடை போடுங்கள். நான் ஒரு சதவீதக் கணக்கு சொல்வதைவிட அது மேல்.

கடைசியாக மைத்துனர் சொன்ன ரோஸ் குட்டை. அவர் சொல்வது பாதி சரியாக இருக்கலாம். சல்பைடு தேங்கும் நீரில் ஊதா கந்தக பாக்டீரியாக்கள் பெருகிக் குட்டையே ரோஸ் நிறமாவது உலகெங்கும் நடப்பதுதான். தோலிலிருந்து முடி எடுக்க சோடியம் சல்பைடு பயன்படுத்துகிறார்கள். பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை என்று பாலாற்றுப் பக்கம் தோல் பதனிடும் ஊர்களில் அந்த நிறத்துக்கு அப்படியும் ஒரு காரணம் இருக்கலாம். அந்த நீரில் உப்பும் குரோமியமும் இருந்தால் பாக்டீரியா அதைத் தாங்கிக்கொள்ளும், உங்கள் கழனி தாங்காது. ஒரு சொம்பு கூட அள்ளிவர வேண்டாம். மாட்டை அந்தப் பக்கம் ஓட்ட வேண்டாம் என்று மைத்துனரிடம் சொல்லுங்கள். அவருடைய கிணற்று நீரைச் சுத்தமான பாட்டிலில் பிடித்து, விரிஞ்சிபுரம் வேளாண் அறிவியல் நிலையத்தில் எங்கே சோதிக்கலாம் என்று கேட்கச் சொல்லுங்கள். உப்பும் காரமும் பார்க்கும் வழக்கமான நீர்ச் சோதனையில் குரோமியம் வராது, அதைத் தனியாகச் சொல்லிக் கேட்டால்தான் பார்ப்பார்கள்.