ஜூனியர் மேலே போய்விட்டார், நான் என்ன செய்ய?

கேள்வி: மத்திய அரசுப் பொதுத்துறை நிறுவனம் ஒன்றில் 19 வருடங்களாக உதவியாளர். பதவி உயர்வு விதியில் ‘சீனியாரிட்டி-கம்-மெரிட்’ (பணி மூப்போடு தகுதியும்) என்றுதான் இருக்கிறது. எழுத்துத் தேர்வு, மேலதிகாரி வருடாவருடம் எழுதும் ரகசிய அறிக்கை, நேர்முகம் மூன்றுக்கும் சேர்த்து 100 மதிப்பெண்; 50 வாங்கினால் தகுதி. நான் 68. எனக்கு நான்கு வருடம் பின்னால் சேர்ந்தவர் 74. கண்காணிப்பாளர் நாற்காலி அவருக்குப் போய்விட்டது. “மார்க் அதிகம், நான் என்ன பண்ண?” என்கிறார் மேலாளர். சரிதானா ஐயா?
– பெயர் வேண்டாம், மதுரை

பதில்: நீங்கள் எழுதியபடியே விதி இருக்கிறதென்றால், உங்கள் மேலாளர் அதைத் தலைகீழாகப் படிக்கிறார். அந்தக் ‘கம்’முக்கு முன்னால் எந்தச் சொல் நிற்கிறது என்பதில்தான் விஷயமே. ‘மெரிட்’ முன்னால் நின்றால் 74 ஜெயிக்கும். ‘சீனியாரிட்டி’ முன்னால் நின்றால், 50ஐத் தாண்டியதுமே மதிப்பெண்ணின் வேலை முடிந்தது. அப்புறம் தாண்டியவர்களை மூப்புப்படி வரிசையில் நிறுத்த வேண்டியதுதான்.

இது என் சொந்தச் சரக்கு இல்லை. கிராம வங்கி அதிகாரிகளின் பதவி உயர்வு பற்றிய பி.வி. சிவய்யா வழக்கில் 1998இல் உச்ச நீதிமன்றம் சொன்னது: வேலைக்கு வேண்டிய குறைந்தபட்சத் தகுதி இருந்தால், இளையவர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் மூத்தவருக்கே முதலிடம். 2009இல் ராஜேந்திர குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கு. அதில், குறைந்தபட்ச மதிப்பெண் என்று ஒரு கோடு போட்டுக்கொள்வது தப்பில்லை, கோட்டைத் தாண்டியவர்களுக்கு மூப்புப்படி கொடுத்தால் போதும் என்றார்கள். ஆகவே கோடு 50தானா என்பதை எழுத்தில் பார்த்துவிடுங்கள். 70 என்று எங்காவது ஒரு சுற்றறிக்கை ஒளிந்திருந்தால் உங்கள் 68 நிற்காது.

தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டி மனுப் போடுங்கள். 30 நாளில் பதில் வரவேண்டும். விதி, மூப்புப் பட்டியல், பதவி உயர்வுக் குழுவின் கூட்டக் குறிப்பு, இவை போதும். கோபத்தில் அந்த ஜூனியரின் ரகசிய அறிக்கையையும் கேட்டுவிடாதீர்கள். ‘தனிநபர் தகவல்’ என்று அதை மறுத்து, அதே சாக்கில் மற்றதையும் இழுத்தடிப்பார்கள்.

நாட்களை எண்ணுங்கள். பி.எஸ். சதாசிவசாமி என்பவர் தமிழ்நாடு அரசுக்கு எதிராக நடத்திய வழக்கு 1974இல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது. ஜூனியர் தன்னைத் தாண்டிப் போனதை அவர் 14 வருடம் கழித்துத்தான் கோர்ட்டில் கேட்டார். ஆறு மாதத்தில், மிஞ்சினால் ஒரு வருடத்தில் வந்திருக்க வேண்டும் என்று நீதிபதிகள் சொல்லிவிட்டார்கள். என் கதையும் அதுதான். நான் வேலை பார்த்த இடத்தில் நோட்டீஸ் போர்டில் பட்டியல் ஒட்டிய அன்று, ஸ்டென்சில் மை கையில் ஒட்டும் அளவுக்குத் தடவித் தடவிப் பார்த்தேன், என் பெயர் இல்லை. “அடுத்த வருஷம் கட்டாயம்” என்று பிரிவு அதிகாரி தோளில் தட்டினார். அந்தத் தட்டலை நம்பி மூன்று வருடம் போனது. பிறகு பார்த்த வக்கீல் ஃபைலைத் திறக்கவே இல்லை, தேதியை மட்டும் கேட்டார்.

உங்கள் நிறுவனம், மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் வரம்பில் வருகிறதா என்று பாருங்கள். வந்தால் அங்கேதான் முதலில் போக வேண்டும். வராவிட்டால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, உங்களுக்கு டவுன் பஸ் தூரம். எங்கே போட்டாலும் அந்த ஜூனியரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். தினமும் சேர்ந்து டீ குடித்தவர்மேல் எப்படி என்று தயங்குவீர்கள். அவர் கருத்தைக் கேட்காமல் அவர் பதவியில் கோர்ட் கை வைக்காது.

கேள்வி: ஐந்து வருட ரகசிய அறிக்கையிலும் ‘மிக நன்று’ இருந்தால்தான் பதவி உயர்வு. எனக்கு ஒரு வருடம் மட்டும் ‘நன்று’. என்னிடம் அதைக் காட்டவே இல்லை. ‘நன்று’ என்பது பாதகமான குறிப்பு இல்லையே, ஏன் காட்டணும் என்கிறார்கள்.
– ஒரு வாசகி, கோவை

பதில்: அச்சு அசல் தேவ் தத் வழக்கு. எல்லைச் சாலைப் பிரிவு எஞ்சினியர். அவருக்கும் 1993-94க்கு மட்டும் ‘நன்று’, காட்டப்படவில்லை, பதவி உயர்வு போச்சு. 2008இல் உச்ச நீதிமன்றம், நல்லதோ கெட்டதோ ஒவ்வொரு குறிப்பையும் ஊழியருக்குத் தெரிவித்தே ஆகவேண்டும் என்றது. உயர்வைத் தட்டிவிடும் ‘நன்று’ பாதகமில்லாமல் வேறென்ன? 2013இல் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அதையே உறுதி செய்தார்கள். அந்த வருட அறிக்கையின் நகலை எழுத்து மூலம் கேளுங்கள். கையில் வந்ததும் தரத்தை உயர்த்தச் சொல்லி முறையீடு கொடுங்கள். அதை ஏற்றால், பழைய தேதியிலிருந்தே உங்களைப் பரிசீலிக்கச் சொல்லிக் கேட்கலாம். நேரடியாகப் பதவியைக் கொடு என்று கோர்ட் சொல்லாது, மறுபடி பரிசீலி என்றுதான் சொல்லும். முறையீட்டில் மேலதிகாரியைத் திட்டாமல் அந்த வருடம் நீங்கள் முடித்த வேலைகளைத் தேதியோடு எழுதுங்கள்.