முப்பத்தொன்பது ஷாட்டுகளுக்கு ஓர் எடிட்டர்

கேள்வி: ஹங்கேரிய இயக்குநர் பேலா தாரின் ‘வெர்க்மெய்ஸ்டர் ஹார்மனீஸ்’ (2000) படத்தை அண்மையில் பார்த்தேன். முதல் ஷாட்டே, அதாவது வெட்டில்லாமல் தொடர்ந்து ஓடும் முதல் காட்சித்துண்டே, ஏறத்தாழ பத்து நிமிடம் ஓடுகிறது. வெட்டே அரிதான இத்தகைய படத்தில் படத்தொகுப்பாளருக்கு என்ன வேலை? அவர் பெயர் இயக்கத்திலும் சேர்ந்து வருகிறதே?
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: அவர் பெயர் ஆக்னெஷ் ஹ்ரானிட்ஸ்கி. தாருக்கு வாழ்க்கையிலும் துணையாக இருந்தவர். 1981இல் வந்த ‘தி அவுட்சைடர்’ முதல் 2011இல் வந்த ‘தி டுரின் ஹார்ஸ்’ வரை தாரின் படங்களைத் தொகுத்தவர். தொடக்ககாலப் படங்களில் கேமரா கைகளில் ஆடிக்கொண்டு, சண்டையிடும் முகங்களை நெருங்கிப் பார்க்கும், வெட்டுகளும் மிகுதி. எழுத்தாளர் லாஸ்லோ கிராஸ்னஹோர்க்காயுடன் தார் சேர்ந்த ‘டாம்னேஷன்’ (1988) படத்துக்குப் பிறகு ஷாட்டுகள் நீண்டுகொண்டே போயின. ஏழு மணி நேரத்தைத் தாண்டும் ‘சாத்தான்டாங்கோ’வில் (1994) சுமார் 150 ஷாட்டுகள்தாம்; நீங்கள் பார்த்த 145 நிமிடப் படத்தில் 39.

வழக்கமான படத்தில் ஒரு நடிகர் தடுமாறினால் எதிரில் நிற்பவரின் முகத்துக்கு வெட்டி மறைத்துவிடலாம். ஒரே ஷாட்டைப் பலமுறை எடுத்து, ஒரு டேக்கின் முற்பகுதியையும் மற்றொன்றின் பிற்பகுதியையும் ஒட்டலாம். இங்கே அந்த வசதி கிடையாது. முன்னூறு மீட்டர் ஃபிலிம் சுருள் சுமார் 11 நிமிடங்களில் தீர்ந்துவிடும் என்பதால், அதற்குள் நடிப்பு, கேமராவின் நகர்வு, ஒளி மூன்றும் ஒருசேர அமைய வேண்டும். அமையாவிட்டால் மொத்தமும் மறுபடி. ஆகவே மேசையில் செய்ய வேண்டிய தொகுப்பைப் படப்பிடிப்புத் தளத்திலேயே செய்தாக வேண்டியிருந்தது. ஹ்ரானிட்ஸ்கியும் தளத்தில் இருந்து பணியாற்றினார்.

கும்பல் மருத்துவமனையைச் சூறையாடும் காட்சியை நினைத்துப் பாருங்கள். வசனமே இல்லாமல் அறை அறையாக அடித்து நொறுக்கிக்கொண்டு போகிறவர்கள், ஒரு திரையை இழுத்ததும் எலும்பும் தோலுமாக நிர்வாணமாய் நிற்கும் கிழவரைக் கண்டு உறைந்து, பேசாமல் திரும்பி நடக்கிறார்கள். கிழவர் முன் அவர்கள் எத்தனை நொடி நிற்க வேண்டும் என்பதில்தான் காட்சியின் உயிர் இருக்கிறது. சற்றுக் குறைந்தால் அவர்கள் மனம் மாறியது நம்பும்படி இராது. சற்று நீண்டால் நாடகமாகிவிடும். அந்த நொடிகளை அளப்பதும் படத்தொகுப்புதான் என்பேன், கத்தரிக்கோல் இல்லாவிட்டாலும்.

ஷாட்டின் நீளத்தைத் தளத்திலேயே முடிவு செய்கிறவரை இயக்குநரிடமிருந்து பிரித்துப் பார்ப்பது கடினம். இந்தப் படத்திலும், ‘தி மேன் ஃப்ரம் லண்டன்’ (2007), ‘தி டுரின் ஹார்ஸ்’ ஆகியவற்றிலும் இயக்கத்தில் ஹ்ரானிட்ஸ்கியின் பெயர் சேர்ந்ததற்கு இதுவே காரணமாக எனக்குத் தோன்றுகிறது. நம் படங்களில் உதவி இயக்குநருக்கு மேல்படியாக இருக்கும் ‘இணை இயக்குநர்’ பதவியோடு இதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். ‘தி டுரின் ஹார்ஸ்’ 2011இல் பெர்லின் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் பெரும் பரிசான வெள்ளிக் கரடியைப் பெற்றது. அதிலும் 30 ஷாட்டுகள்தாம்.