அசாத் ஓடிய பிறகு நம் டீக்கடைகளில்

வணக்கம் ஐயா. சிரியாவில் அசாத் குடும்பம் அப்பனும் மகனுமாக ஐம்பது வருஷத்துக்கு மேல் நடத்திய ஆட்சி பத்துப் பன்னிரண்டு நாளில் விழுந்த கதையை ரங்கூன் டீக்கடைகளில் இன்னமும் பேசுகிறோம். இங்கே பர்மாவிலும் அப்படி நடக்குமா? நடந்தால் நம் தமிழர்களுக்கு நல்லதா, இல்லை இன்னொரு 1964 ஆகுமா? என் மகனுக்கு 20 வயது. அதனால்தான் கேட்கிறேன்.

அன்புள்ள நண்பருக்கு,

பெயரையும் பேட்டையையும் எடுத்துவிட்டேன், காரணம் உங்களுக்கே தெரியும். நான் எல்லைக்கு இந்தப் பக்கம் இருப்பதால் கொஞ்சம் தைரியமாக எழுதுகிறேன், அவ்வளவுதான்.

2024 நவம்பர் 27-ல் சிரியாவின் வடமேற்கே இத்லிப் பக்கமிருந்து கிளர்ச்சிப் படையினர் கிளம்பினார்கள், டிசம்பர் 8-ல் டமாஸ்கஸ். ஆனால் அந்த ஆட்சி உள்ளுக்குள் செல்லரித்துப்போய் வெகுநாள் ஆகியிருந்தது. டிசம்பர் 4-ஆம் தேதி அசாத் ராணுவத்துக்குச் சம்பளத்தை 50 சதவீதம் ஏற்றி உத்தரவு போடுகிறார், மறுநாளே ஹமா நகரம் கைவிட்டுப் போய்விடுகிறது! சிப்பாய்கள் சீருடையை ரோட்டிலேயே கழற்றிப் போட்டுவிட்டு வீட்டைப் பார்க்க நடந்தார்கள். கைகொடுத்துவந்த ரஷ்யா உக்ரைனில் மாட்டிக்கொண்டிருந்தது, லெபனானின் ஹிஸ்புல்லா படை இஸ்ரேலிடம் அடிவாங்கிக் கிடந்தது.

நம்மூர்க் கணக்கு வேறு. இங்கே ராணுவம் என்பது பீர் கம்பெனி முதல் பேங்க் வரை வைத்திருக்கிற பெரிய குடும்பம், சிப்பாயின் பெண்டாட்டி பிள்ளைகள் முகாமுக்குள்ளேயே இருக்கிறார்கள், அவன் சீருடையைக் கழற்றிப் போட்டுவிட்டு எங்கே போவான்? அசாத் ஓடிய அதே டிசம்பரில் ராணுவத்தை எதிர்த்துப் போராடும் அரக்கான் படை ராணுவத்தின் மேற்குப் பிராந்தியத் தலைமையகத்தையே பிடித்தது, ரங்கூனில் ஒன்றும் ஆடவில்லை. சீனாவும் கைவிடவில்லை. 2024 ஆகஸ்டில் எதிர்ப்படையிடம் விழுந்த லாஷியோ நகரத்தை 2025 ஏப்ரலில் சீனா நடுவில் நின்று ராணுவத்துக்குத் திருப்பி வாங்கிக் கொடுத்ததைப் பார்த்தீர்கள்தானே. அப்புறம், நம் நாட்டில் சண்டை போடுகிற படைகளில் பல அவரவர் மண்ணுக்காகப் போடுகின்றன, எல்லாரும் சேர்ந்து ரங்கூனுக்கு வருவார்கள் என்று காத்திருக்க வேண்டாம்.

1964 பற்றிக் கேட்டீர்கள். அது ஆட்சி விழுந்ததால் வந்ததில்லை. ராணுவ ஆட்சியாளர் நே வின் அசைக்க முடியாமல் உட்கார்ந்திருந்ததால் வந்தது. கடைகளை அரசாங்கம் எடுத்துக்கொண்டதும், 50, 100 சாட் நோட்டுகள் செல்லாமல் போனதும், நம் ஆட்கள் மூட்டைகூட இல்லாமல் கப்பலேறியதும் ராணுவம் நன்றாக வலுத்திருந்த காலத்தில். ஆட்சி விழுந்ததால் வந்தது 1942. வெள்ளைக்காரன் போய், ஜப்பான்காரன் இன்னும் வந்து சேராத அந்த இடைவெளியில்தான் நம் ஆட்கள் இந்தியாவுக்குத் தப்ப டவுங்குப் கணவாய் என்றும் எல்லையிலுள்ள தமு என்றும் நடந்தே செத்தார்கள். டீக்கடைக்காரர்கள் பயப்பட வேண்டியது அந்த இடைவெளிக்கு.

சிரியாவிலும் அதுதான். டமாஸ்கஸில் பிரதமர் ஓடாமல் இருந்து பொறுப்பை ஒப்படைத்தார், தலைநகரம் பெரிய ரத்தக்களரி இல்லாமல் கை மாறியது. ஆனால் மூன்று மாதம் கழித்து கடற்கரைப் பக்கம் அசாத்தின் சமயப் பிரிவான அலவிகளை வீடு புகுந்து கொன்றார்கள், ஜூலையில் தெற்கே சுவைதாவில் துரூஸ் என்ற இன்னொரு சிறுபான்மையினருக்கு அடி. அலவிகள் எல்லாருமா அசாத்திடம் சம்பளம் வாங்கினார்கள்? 'அந்த ஆட்சியின் ஆள்' என்று முத்திரை விழுந்தவன் எல்லாம் பலியானான். நம்மவர்களில் சிலர் கோயில் விழாவுக்கு அதிகாரியைக் கூப்பிட்டு மாலை போட்டுப் படம் எடுத்து முகநூலில் போடுகிறார்கள். எனக்கு அது பிடிக்கவில்லை, சொல்லிவிடுகிறேன். அனுமதி வாங்க வேண்டியிருக்கும், சரி. படம் எதற்கு?

மகன் விஷயம். 2024 பிப்ரவரியில் கொண்டுவந்த கட்டாய ராணுவச் சேவை 18-லிருந்து 35 வரை என்பதால் அவன் பெயர் குலுக்கலில் விழலாம். அசாத் போனதும் பழைய சிப்பாய்கள் துப்பாக்கியையும் அடையாள அட்டையையும் கொடுத்துவிட்டுத் தற்காலிகச் சீட்டு வாங்க வரிசையில் நின்றார்கள், அவர்களில் பாதிப்பேர் இஷ்டமில்லாமல் இழுத்துப் போகப்பட்ட பையன்களாகத்தான் இருந்திருப்பார்கள். உங்கள் பையன் அந்த மாதிரி ஒரு வரிசைக்குப் போகாமல் இருக்க என்னென்ன வழி உண்டு என்பதை இங்கே எழுத முடியாது. தனியாக அனுப்புகிறேன், படித்ததும் அழித்துவிடுங்கள்.