13 சதவீத நிலமும் ஒரு தேதியும்

கேள்வி: பிரேசில் மக்கள்தொகையில் ஒரு சதவீதம்கூட இல்லாத பழங்குடிகளிடம் நாட்டின் 13 சதவீத நிலம் இருக்கிறது. அது போதாதென்று இன்னும் கேட்டுப் போராடுகிறார்கள். கையில் ஸ்மார்ட்போன், காலில் ஜீன்ஸ், தலையில் மட்டும் இறகு! நாட்டின் முன்னேற்றத்துக்குக் குறுக்கே நிற்கும் இவர்களை உங்கள் இதழ் ஏன் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடுகிறது?
- வாசகர், ஈரோடு

பதில்: ஜீன்ஸிலிருந்தே ஆரம்பிப்போம், அதுதான் சுலபம்.

1970களில் மாரியோ ஜுருனா என்ற ஷவாந்தே இனத் தலைவர், தலைநகர் பிரசிலியாவின் அலுவலகங்களில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தார். நிலத்தை அளந்து தருகிறோம் என்று அதிகாரிகள் வாய் நிறையச் சொல்வார்கள், அப்புறம் காற்றோடு போகும். ஜுருனா ஒரு டேப் ரெக்கார்டரைத் தூக்கிக்கொண்டு போக ஆரம்பித்தார். யார் என்ன வாக்குக் கொடுத்தாலும் பதிவு செய்துகொண்டார். அந்த டேப் ரெக்கார்டரே அவருடைய அடையாளமாகிப் போனது. 1982இல் பிரேசில் நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பழங்குடி அவர்தான். அடுத்தவர் கீழவைக்குத் தேர்வாக 2018 வரை ஆனது. இறகோடு வந்து கேட்டால் காட்டுவாசி, போனோடு வந்து கேட்டால் போலி. எதை உடுத்திக்கொண்டு வந்தால் மனுவை வாங்கிக்கொள்வீர்கள் என்று நீங்களே சொல்லிவிடுங்கள்.

சரி, கணக்குக்கு வருவோம். உங்கள் சதவீதங்கள் சரிதான். 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி பிரேசிலில் பழங்குடிகள் சுமார் 17 லட்சம் பேர், அதாவது 0.83 சதவீதம். அவர்களுக்கென்று ஒதுக்கப்பட்ட நிலம் ஏறக்குறைய 11.7 கோடி ஹெக்டேர். பெரிய எண்தான். இதே நாட்டின் இன்னொரு கணக்கெடுப்பையும் புரட்டியிருக்கலாம். 2017 விவசாயக் கணக்கெடுப்பில், ஆயிரம் ஹெக்டேருக்கு மேற்பட்ட பண்ணைகள் சுமார் 51 ஆயிரம். மொத்தப் பண்ணைகளில் ஒரு சதவீதம். அவற்றிடம் இருப்பது விவசாய நிலத்தில் 47.6 சதவீதம், கிட்டத்தட்ட 16.7 கோடி ஹெக்டேர். 17 லட்சம் மனிதர்களுக்கு இருப்பதைவிட 51 ஆயிரம் பண்ணைகளிடம் அதிகமாக இருக்கிறது. ஒரு சதவீதம் என்ற சொல் உங்களை இவ்வளவு உறுத்துகிறதே, அந்த ஒரு சதவீதம் ஏன் உறுத்தவில்லை?

இன்னொன்று. அந்த நிலம் பழங்குடிகளின் சொத்தே அல்ல. 1988 அரசியல் சட்டப்படி அது மத்திய அரசுக்குச் சொந்தம். நிரந்தரமாகக் குடியிருக்கவும், மண்ணையும் ஆற்றையும் ஏரியையும் பயன்படுத்தவும் மட்டுமே அவர்களுக்கு உரிமை. விற்க முடியாது, அடகு வைக்க முடியாது. பூமிக்கடியில் கனிமம் இருந்தால் அதுவும் அரசுக்கே. பண்ணையார் தன் நிலத்தைக் காட்டி வங்கியில் கடன் வாங்குவதுபோல இவர்களால் வாங்க முடியாது.

அந்த 13 சதவீதம் எங்கே இருக்கிறது என்பதைத்தான் யாரும் கேட்பதில்லை. 98 சதவீதத்துக்கு மேல் அமேசான் பகுதியில். ஆனால் பழங்குடிகளில் பாதிப்பேர் அமேசானுக்கு வெளியே வாழ்கிறார்கள். அந்தப் பாதிப்பேருக்கென்று இருப்பது மீதமிருக்கும் இரண்டு சதவீதத்துக்கும் குறைவான நிலம்தான்.

பராகுவே எல்லையை ஒட்டிய மாட்டோ குரோசோ டோ சுல் மாநிலத்துக்குப் போய்ப் பாருங்கள். டோராடோஸ் நகரத்தின் ஓரத்தில் ஒரு பழங்குடி ஒதுக்கிடம் இருக்கிறது. சுமார் 3,500 ஹெக்டேர். அதில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள், பெரும்பாலும் குவரானி கயோவாக்கள். கடந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் பழங்குடிப் பாதுகாப்புத் துறை என்ற பெயரில் இயங்கிய அரசுத் துறை இப்படி எட்டுத் துண்டுகளை ஒதுக்கி, பரந்துகிடந்த கயோவாக்களைப் பிடித்து அவற்றுக்குள் அடைத்தது. அந்தக் காடு ஏற்கெனவே, தேநீர்போலக் காய்ச்சிக் குடிக்கும் மாட்டே இலைக் கம்பெனியின் கையில் இருந்தது. அப்புறம் குடியேற்றக்காரர்களுக்கு, அப்புறம் மாட்டுப் பண்ணைக்குப் போனது. இப்போது கண்ணுக்கு எட்டியவரை சோயாவும் கரும்பும். ஒதுக்கிடத்துக்குள் இடமில்லாதவர்கள் நெடுஞ்சாலைக்கும் பண்ணை வேலிக்கும் நடுவே கறுப்புத் தார்ப்பாயைக் கட்டிக்கொண்டு ஆண்டுக்கணக்கில் வாழ்கிறார்கள். பண்ணையில் தெளிக்கும் பூச்சிமருந்து தார்ப்பாய்மேல் விழுகிறது. சாலையைக் கடக்கும்போது லாரியில் அடிபட்டுச் சாகிறார்கள்.

அவர்களில் சிலர் ஒருநாள் வேலியைத் தாண்டித் தாத்தா பாட்டி புதைக்கப்பட்ட இடத்துக்குள் போய் உட்கார்ந்துகொள்கிறார்கள். இதை ரெத்தோமாடா, அதாவது நிலமீட்பு, என்கிறார்கள். நீங்கள் சொல்லும் “இன்னும் கேட்டுப் போராடுவது” இதுதான். 2022 ஜூனில் அமம்பாய் பக்கம் இப்படி நுழைந்தவர்கள்மேல் போலீஸ் சுட்டதில் ஒருவர் இறந்தார். 1980இல் மனாவுஸ் நகருக்கு வந்த போப் இரண்டாம் ஜான் பாலின் எதிரே நின்று, எங்கள் நிலத்தைப் பிடுங்குகிறார்கள், எங்களைக் கொல்கிறார்கள் என்று முறையிட்டவர் மார்சால் டி சோசா என்ற குவரானித் தலைவர். மூன்றே ஆண்டில் அவரைச் சுட்டுக் கொன்றார்கள். யாரும் தண்டிக்கப்படவில்லை.

இப்போது பிரேசிலில் நடக்கும் பெரிய சண்டை ஒரு தேதியைப் பற்றியது. 1988 அக்டோபர் 5, அரசியல் சட்டம் நடைமுறைக்கு வந்த நாள். அன்றைக்கு எந்த நிலத்தில் இருந்தீர்களோ அதை மட்டும்தான் கேட்கலாம், இல்லாவிட்டால் கிடையாது என்பது பண்ணை முதலாளிகளின் வாதம். மார்க்கோ தெம்போரால் என்று பெயர். பார்வைக்கு நியாயம்போலத்தான் தெரியும். வீட்டைவிட்டுத் துரத்திப் பூட்டுப் போட்டவனே, “அன்றைக்கு நீ உள்ளே இருந்தாயா?” என்று ரசீது கேட்பதைப்போன்ற நியாயம்.

1946 முதல் 1988 வரையிலான காலத்தில் குறைந்தது 8,350 பழங்குடிகள் கொல்லப்பட்டதாக பிரேசில் அரசே நியமித்த தேசிய உண்மை ஆணையம் 2014இல் எழுதியிருக்கிறது. உயிருக்குப் பயந்து ஓடியவன் எந்தத் தேதியில் எங்கே இருந்தான் என்று எப்படிக் காட்டுவான்? இதற்கும் அந்த வாதத்தில் ஒரு சால்ஜாப்பு உண்டு. அந்தத் தேதியில் நிலத்துக்காக நேரடி மோதலோ நீதிமன்ற வழக்கோ நடந்துகொண்டிருந்தால் விதிவிலக்காம். வேடிக்கை என்னவென்றால், அதுவரை சட்டத்தின் கண்ணில் பழங்குடி என்பவர் அரசின் பாதுகாப்பில் இருக்கும் மைனர் மாதிரி. பழங்குடிச் சமூகங்கள் தாங்களாகவே வழக்குத் தொடுக்கலாம் என்று தெளிவாகச் சொன்னதே அந்த 1988 அரசியல் சட்டம்தான்.

இந்த வாதத்தைச் சோதித்த வழக்கு தெற்கே சாந்தா கத்தரினா மாநிலத்தின் ஷோக்ளெங் மக்களுடையது. ஜெர்மனியிலிருந்தும் இத்தாலியிலிருந்தும் வந்தவர்களுக்கு நிலம் பிரித்துக்கொடுப்பதற்காக, ஷோக்ளெங்குகளை வேட்டையாடக் கூலிப்படை வைத்திருந்தார்கள். இத்தனை பேரைக் கொன்றேன் என்பதற்கு அத்தாட்சி, அறுத்துக் கொண்டுவரும் காதுகள். கட்டுக்கதை என்று நினைக்காதீர்கள், அந்த மாநிலத்தின் வரலாற்றில் பதிவானது. தப்பியவர்கள் 1914இல் ஓர் இடத்தில் தங்கவைக்கப்பட்டார்கள். அந்த இடமும் பின்னால் துண்டு துண்டாகக் குறைந்தது. 1970களில் கீழேயுள்ள நகரங்களை வெள்ளத்திலிருந்து காப்பாற்றுவதற்காக அங்கேயே ஓர் அணையைக் கட்ட ஆரம்பித்தார்கள். தண்ணீர் தேங்கியது ஷோக்ளெங்குகளின் நல்ல நிலத்தில்.

2023 செப்டம்பர் 21 அன்று உச்ச நீதிமன்றம் ஒன்பதுக்கு இரண்டு என்ற கணக்கில் தேதி வாதத்தைத் தூக்கியெறிந்தது. எதிர்த்து வாக்களித்த இருவரும் முன்னாள் அதிபர் போல்சனாரோ நியமித்த நீதிபதிகள். நல்லெண்ணத்தோடு நிலம் வாங்கியவர்களுக்கு இழப்பீடு கொடுக்க வேண்டும் என்றும் தீர்ப்பில் இருக்கிறது. அப்பாவி விவசாயி தெருவுக்கு வருவான் என்ற புலம்பலுக்கு இதுவே பதில். ஆனால் ஆறே நாளில் செனட் சபை அதே தேதியைச் சட்டமாக நிறைவேற்றியது. அதிபர் லூலா முக்கியப் பகுதிகளைத் தடுப்பதிகாரத்தால் நிறுத்தினார். டிசம்பரில் நாடாளுமன்றம் அந்தத் தடையையும் ரத்து செய்தது. நாடாளுமன்றத்தில் பண்ணை முதலாளிகள் அணியின் பலம் அப்படி. 13 சதவீதம் வைத்திருப்பவர்கள் நாட்டையே ஆட்டிப்படைக்கிறார்கள் என்று நினைத்திருந்தால், அந்த டிசம்பர் வாக்கெடுப்பை ஒருமுறை பாருங்கள்.

முன்னேற்றம் பற்றி நிறையச் சொல்ல வேண்டியதில்லை. வடக்கே யானோமாமி மக்களின் பகுதி, சுமார் 96,000 சதுர கிலோமீட்டர், 1992இல் வரையறுக்கப்பட்டது. பிரேசிலைப் பிடித்து ஆண்ட போர்ச்சுகலைவிடப் பெரியது. அங்கே இருபதாயிரம் பேர்வரை சட்டவிரோதமாகத் தங்கம் தோண்டினார்கள். தங்கத்தைப் பிரிக்கப் பாதரசம், பாதரசம் ஆற்றுக்கு, ஆற்றிலிருந்து மீனுக்கு, மீனிலிருந்து குழந்தைக்கு. கூடவே மலேரியா. 2023 ஜனவரியில் சுகாதார அவசரநிலை அறிவித்தபோது வந்த படங்களில் குழந்தைகளின் விலா எலும்பை எண்ண முடிந்தது. குறுக்கே நிற்பது யார், எதற்குக் குறுக்கே என்று நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். அப்புறம், 1990 முதல் மூன்று பத்தாண்டுகளில் தனியார் நிலங்கள் தங்கள் இயற்கைத் தாவரப் போர்வையில் சுமார் 20 சதவீதத்தை இழந்தன என்கிறது செயற்கைக்கோள் கணக்கு. பழங்குடி நிலங்கள் இழந்தது ஒரு சதவீதம். பிரேசிலின் சோயா வயல்களுக்கு மழை கொண்டுவரும் ஈரக்காற்று இந்தக் காட்டின் மேலே புறப்பட்டுத்தான் வருகிறது. பண்ணை முதலாளிக்கே இது சுயநலக் கணக்கு.

தூக்கிவைத்துக் கொண்டாடுகிறோம் என்கிறீர்கள். பழங்குடிகள் எல்லோரும் காட்டைக் காக்கும் முனிவர்கள் என்று நாங்கள் எழுதவில்லை. மாட்டோ குரோசோவின் பரேசி மக்கள் டிராக்டர் வைத்துச் சோயா பயிரிடுகிறார்கள். கயாபோ தலைவர்களில் சிலர் மரவியாபாரிகளிடமும் தங்கம் தோண்டுபவர்களிடமும் பணம் வாங்கியதுண்டு, மற்றவர்கள் அதை எதிர்த்துச் சண்டை போட்டதுமுண்டு. நிலத்தை எப்படிப் பயன்படுத்துவது என்பதில் அவர்களுக்குள் தகராறு இருக்கட்டும். நம் ஆட்களுக்கு மட்டும் தகராறு இல்லையா? உரிமை கொடுப்பதற்கு முன் ஒழுக்கச் சான்றிதழ் கேட்கும் வழக்கத்தைப் பண்ணை முதலாளியிடம் யாரும் வைத்துக்கொள்வதில்லை.

லூலாவையும் கொண்டாடவில்லை. பழங்குடிகளுக்கென்றே முதல்முறையாக ஓர் அமைச்சகம் உருவாக்கி, சோனியா குவாஜஜாராவை அமைச்சராக்கினார். நல்லது. 2023 ஏப்ரலில் பழங்குடிகள் ஆண்டுதோறும் பிரசிலியாவில் கூடும் ‘சுதந்திர நிலம்’ முகாமுக்கே போய் ஆறு நிலங்களுக்கு ஒப்புதல் கையெழுத்திட்டார். எல்லைகளை ஐந்து ஆண்டுகளில் வரையறுத்து முடிக்க வேண்டும் என்று அரசியல் சட்டமே கெடு வைத்திருந்தது. அது 1993இல் முடிந்துவிட்டது. அதற்குப் பிறகு முப்பது ஆண்டு கழித்துத்தான் இந்த ஆறு.

நாடாளுமன்றம் நிறைவேற்றிய அந்தத் தேதிச் சட்டத்தை வைத்துக்கொண்டு, பழங்குடிகளையும் பண்ணைத் தரப்பையும் ஒரே மேசையில் உட்காரவைத்துச் சமரசம் பேச 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் ஒரு குழுவைக் கூட்டியது. பேச்சு முடியும்வரை சட்டத்தையாவது நிறுத்திவையுங்கள் என்று பிரேசில் பழங்குடிகள் கூட்டமைப்பு கேட்டது. நிறுத்தவில்லை. தலையில் கத்தியைத் தொங்கவிட்டுக்கொண்டு என்ன சமரசம் என்று அந்த மாதமே எழுந்து வெளியே வந்துவிட்டார்கள். நீங்களாக இருந்தால் உட்கார்ந்திருப்பீர்களா?