மேல்முறையீடு போடப் போகிறோம் என்பது பதிலாகாது

கேள்வி: எங்கள் ஊர்க் குளத்து ஆக்கிரமிப்பை 12 வாரத்தில் அகற்றச் சொல்லி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை உத்தரவு போட்டு ஒரு வருஷம் தாண்டிவிட்டது. தாலுகா ஆபீஸில் கேட்டால் மேல்முறையீடு போடப் போகிறோம் என்கிறார்கள். நீதிமன்ற அவமதிப்பு வழக்கு போட்டால் அதிகாரிகளோடு பகை வரும் என்று ஊர்ப் பெரியவர்கள் தடுக்கிறார்கள். என்ன செய்யலாம்?
— வாசகர், சேரன்மகாதேவி

பதில்: முதலில் நாளை எண்ணுங்கள். 1971ஆம் வருஷத்து நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆவது பிரிவு, அவமதிப்பு நடந்ததாகச் சொல்லும் நாளிலிருந்து ஒரு வருஷம்தான் அவகாசம் தருகிறது. உங்கள் விஷயத்தில் அது 12 வாரக் கெடு முடிந்த நாளிலிருந்து ஓடிக்கொண்டிருக்கிறது, நினைவூட்டல் கடிதம் மேல் கடிதம் போட்டாலும் அந்த ஓட்டம் நிற்காது. பெரியவர்களைச் சமாதானப்படுத்துவதற்குள் அது முடிந்துவிடக் கூடாது.

மேல்முறையீடு போட்டாலே உத்தரவு நின்றுவிடாது, மேல் கோர்ட்டில் ஸ்டே, அதாவது தடையுத்தரவு, வாங்கினால்தான் நிற்கும். இவர்கள் இன்னும் போடவே இல்லை!

அப்புறம், உத்தரவின் கடைசிப் பத்தியை வழக்கறிஞரோடு உட்கார்ந்து வரி வரியாகப் படியுங்கள். "அகற்ற வேண்டும்" என்று இருந்தால் உங்கள் கை பலமானது. "மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க வேண்டும்" என்று மட்டும் இருந்தால், அவர்கள் பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவுக்குக் கீழ்ப்படிந்ததாகவே ஆகும், அந்த நிராகரிப்பை எதிர்த்துத் தனியாகத்தான் வழக்குப் போட வேண்டும். எத்தனையோ ஊர்க்காரர்கள் இந்த வித்தியாசம் தெரியாமல் ஜெயித்துவிட்டோம் என்று வெடி போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறார்கள், எனக்கு மனசு ஆறவே மாட்டேன் என்கிறது.

வேண்டுமென்றே மீறினால்தான் அவமதிப்பு. அதனால் உத்தரவு தனக்குத் தெரியாது என்று எந்த அதிகாரியும் சொல்ல இடம் வைக்காதீர்கள்: சான்றிட்ட நகலைத் தபாலில் அனுப்பி, போய்ச் சேர்ந்ததற்கான அத்தாட்சியைப் பத்திரமாக வையுங்கள். நடுவில் தாசில்தார் மாறியிருந்தால் இப்போது நாற்காலியில் இருப்பவருக்கும் ஒன்று அனுப்புங்கள்.

பெரியவர்களின் பயம் எனக்குப் புரிகிறது, பட்டாவுக்கும் வாரிசுச் சான்றிதழுக்கும் நாளைக்கு அதே ஆபீஸ் வாசலில்தானே போய் நிற்க வேண்டும். ஆனால் அவமதிப்பு என்பது நீதிமன்றத்துக்கும் உத்தரவை மீறியவருக்கும் இடையிலான விவகாரம். நடந்ததைக் கோர்ட்டின் கவனத்துக்குக் கொண்டுபோவதுதான் உங்கள் வேலை என்று அவர்களிடம் சொல்லுங்கள். அந்தக் குளத்துப் பாசனத்தை நம்பியிருக்கும் ஆயக்கட்டு விவசாயிகள் நாலு பேர் சேர்ந்து நின்றால் ஒருத்தர் தலையில் பாரம் விழாது.

சட்டப்படி 6 மாதம் வரை வெறுங்காவல் (கடின உழைப்பு இல்லாத சிறை), 2,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் விட்டுவிடவும் கோர்ட்டுக்கு அதிகாரம் இருக்கிறது. அதிகாரி ஜெயிலுக்குப் போவதால் நமக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை, பிசான நெல் சாகுபடிக்குக் குளம் நிறைய வேண்டும், அவ்வளவுதான். விசாரணைக்கு முந்தின நாள் ஜேசிபியைக் கொண்டுவந்து ஓரமாக நாலு வேலிக்கல்லைப் பிடுங்கி, போட்டோ எடுத்து, "உத்தரவு நிறைவேற்றப்பட்டது" என்று அறிக்கை போடுவார்கள். அதை நம்பி வழக்கு முடிக்கப்படுவதற்கு முன்னால், சர்வே வரைபடப்படி எவ்வளவு இடம் இன்னும் ஆக்கிரமிப்பில் இருக்கிறது என்பதை உங்கள் வழக்கறிஞர் எழுத்துமூலம் பதிவு செய்தாக வேண்டும். வரைபடத்தையும் இன்றைய தேதிப் படங்களையும் இந்த வாரமே அவர் கையில் கொடுத்துவிடுங்கள்.