நேர்காணலுக்குப் பிறகு மதிப்பெண் முறையை மாற்றினால்

வணக்கம். அரசு உதவி பெறும் கல்லூரி. உதவிப் பேராசிரியர் பணி. அறிவிப்பில் அனுபவத்துக்கு 15 மதிப்பெண் என்று போட்டுவிட்டு, நேர்காணல் முடிந்ததும் 5 ஆக்கிவிட்டார்கள். கோர்ட்டுக்குப் போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போகலாம். பொதுவாக, தேர்வில் கலந்துகொண்டு தோற்ற பிறகு தேர்வு முறையே தப்பு என்றால் நீதிமன்றம் ஏற்காது. 1995 மதன் லால் தீர்ப்பைத்தான் எதிர்த்தரப்பு முதலில் நீட்டும். ஆனால் உங்கள் விஷயத்தில் மாற்றமே பிறகுதான் வந்தது. ஆட்டம் தொடங்கிய பின் விதியை மாற்றக் கூடாது என்பதை 2024 நவம்பரில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு, தேஜ் பிரகாஷ் பாதக் வழக்கில், மறுபடியும் உறுதி செய்திருக்கிறது. அறிவிப்பிலோ பணி விதிகளிலோ மாற்ற அனுமதிக்கும் வரி ஏதும் ஒளிந்திருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். இருந்தால் வாதம் சிக்கலாகும்.

தகவல் உரிமைச் சட்டத்தில் உங்கள் மதிப்பெண் விவரத்தையும் தேர்வுக் குழுவின் கூட்டக் குறிப்பையும் கேளுங்கள். பதிலுக்கு 30 நாள் கெடு. அதற்காக ரிட் மனுவை, அதாவது உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனுவை, ஆறப்போடாதீர்கள், தாமதமே எதிரியாகிவிடும்.

பலரும் கோட்டை விடும் இடம் ஒன்று உண்டு. தேர்வானவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். பாவம், அவர் மேல் தப்பே இல்லாமல் இருக்கலாம். ஆனாலும் அவரைக் கேட்காமல் நியமனத்தை ரத்து செய்ய மாட்டார்கள். அப்புறம், நியமனம் வழக்கின் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது என்று இடைக்கால உத்தரவு கேட்க உங்கள் வக்கீலிடம் சொல்லுங்கள். பழைய அறிவிப்பை இன்றைக்கே தேதியோடு அச்செடுத்து வையுங்கள், தளத்திலிருந்து தூக்கிவிடப் போகிறார்கள்.