மனுவில் யார் பெயர்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

மத்திய அமெரிக்காவில் உள்ள பெலிஸில் யுனிபாம் என்ற சிறு அமைப்பு, தன்பாலீர்ப்பைக் குற்றமாக்கிய சட்டத்தை நீதிமன்றத்தில் முறியடித்தது பற்றிய உங்கள் குறிப்பைப் படித்தேன். சுமார் நான்கு லட்சம் பேரே உள்ள நாடு. அங்கே இதெல்லாம் சுலபம்தானே? வெளிநாட்டுப் பணமும் வந்திருக்கும். நாங்கள் நாலைந்து பேர் சேர்ந்து எங்கள் ஊரில் தன்பாலீர்ப்பினர் போன்ற பால்புதுமையருக்காக ஒரு சங்கம் தொடங்க நினைக்கிறோம். முதலில் பேரணி நடத்துவதா, சங்கத்தைப் பதிவு செய்வதா?

(பெயர் வேண்டாம் என்று கேட்டிருக்கிறார்)
கும்பகோணம்

அன்புள்ள நண்பருக்கு,

தயங்கித் தயங்கி எழுதியிருக்கிறீர்கள் என்பது தெரிகிறது. எழுதியதே நல்லது. ஆனால் அந்தச் "சுலபம்தானே" மட்டும் எனக்கு எரிச்சலூட்டியது. யாருக்குச் சுலபம்? சென்னையில் ஒருவர் ரிட் மனு போட்டால் அடுத்த தெருவுக்குத் தெரியாது. பெலிஸ் சிட்டியில் மனுதாரரை மீன் விற்பவருக்கும் தெரியும், பாதிரியாருக்கும் தெரியும். அந்த மனுதாரர் காலெப் ஒரோஸ்கோ மீது 2012-இல் ஒருவன் பாட்டிலை வீசிப் பல்லை உடைத்தான். சின்ன நாட்டில் ஒளிந்துகொள்ள இடம் கிடையாது, அவ்வளவுதான்.

வெளிநாட்டுப் பணம் என்கிறீர்கள். எதிர்த்து நின்றவர்களுக்கும் அமெரிக்க மத அமைப்புகளின் துணை இருந்தது. அந்தக் கணக்கைக் கேட்பதானால் இரண்டு பக்கமும் கேளுங்கள். எனக்கு அதில் அக்கறை இல்லை.

உங்கள் கடிதம் வந்தபோது நான் யோசித்துக்கொண்டிருந்தது வேறு. கரீபியன் நாடுகளில் ஏறத்தாழ ஒரே சட்டத்தை எதிர்த்து வழக்குகள் நடந்தன. சில வென்றன, சில தோற்றன. ஏன்? கூட்டத்தின் அளவு காரணமில்லை. அந்த நாட்டு அரசியலமைப்பு பழைய சட்டங்களை எவ்வளவு காலம் காப்பாற்றுகிறது, மனுவில் யார் பெயர் இருக்கிறது. இந்த இரண்டும்தான்.

முதலாவது, பழஞ்சட்டக் காப்புப் பிரிவு. பிரிட்டிஷார் கிளம்பும்போது எழுதப்பட்ட அரசியலமைப்புகளில், பழைய சட்டம் அடிப்படை உரிமைக்கு முரணாக இருந்தாலும் செல்லும் என்று ஒரு பிரிவு வைத்தார்கள். பெலிஸில் அது 1981 செப்டம்பர் 21-இல் கிடைத்த சுதந்திரத்திலிருந்து ஐந்தே ஆண்டுகளுக்கு. 1986-இல் காலாவதி. அதனால் குற்றவியல் சட்டத்தின் 53-ஆம் பிரிவு (நம் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 377-ஆம் பிரிவுக்கு உடன்பிறப்பு, பத்தாண்டுச் சிறை) பாதுகாப்பில்லாமல் நின்றது. டிரினிடாடில் அந்தக் காப்பு இன்னும் இருக்கிறது. அங்கே வழக்குப் போட்ட ஜேசன் ஜோன்ஸ் 2018-இல் வென்றார். 2025 மார்ச்சில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதே காப்பைக் காட்டி அந்தத் தீர்ப்பைப் புரட்டிவிட்டது. ஜமைக்காவில் 2023-இல் வழக்கு விழுந்ததும் இப்படித்தான்.

இரண்டாவதைத்தான் நம்மூர் அமைப்புகளின் காதில் ஓத வேண்டும். பெலிஸில் 2010 செப்டம்பரில் மனு தாக்கலானபோது மனுதாரர்கள் இருவர்: யுனிபாம், ஒரோஸ்கோ. பெலிஸ் அரசியலமைப்பின் 20-ஆம் பிரிவு, தன் உரிமை மீறப்பட்டது அல்லது மீறப்படக்கூடும் என்று சொல்கிறவருக்கே கதவைத் திறக்கிறது. ஓர் அமைப்பை 53-இன் கீழ் கைது செய்ய முடியுமா? முடியாது. 2012-இல் யுனிபாமை மனுதாரர் பட்டியலிலிருந்து நீதிமன்றம் நீக்கியது. அமைப்பின் பெயரில் மட்டும் போட்டிருந்தால் கதை அங்கேயே முடிந்திருக்கும். ஒரோஸ்கோ இருந்ததால் வழக்கு பிழைத்தது. 2013 மே மாதம் விசாரணை. 2016 ஆகஸ்ட் 10-இல் தலைமை நீதிபதி கென்னத் பெஞ்சமின் தீர்ப்பளித்தார். பெரும்பான்மையின் ஒழுக்கக் கருத்து போதாது, தீங்கு நேரும் என்பதற்குச் சான்று வேண்டும், அது இங்கே இல்லை என்றார்.

செயின்ட் வின்சென்டில் இதற்கு நேர்மாறு. மனுதாரர்கள் இருவரும் வெளிநாட்டில் குடியேறியவர்கள். உங்களுக்கு வழக்காடும் தகுதியே இல்லை என்று 2024 பிப்ரவரியில் தள்ளுபடி. நம் நாட்டிலும் பாருங்கள். 377-ஐ எதிர்த்து நாஸ் அறக்கட்டளை 2001-இல் போட்ட மனுவை, பாதிக்கப்பட்டவர் நீங்கள் இல்லையே என்று டெல்லி உயர் நீதிமன்றம் 2004-இல் ஒதுக்கியது. உச்ச நீதிமன்றம் திருப்பி அனுப்பிய பிறகே 2009-இல் சாதகமான தீர்ப்பு வந்தது. அதுவும் 2013-இல் கவிழ்ந்தது. 2016-இல் நவ்தேஜ் ஜோஹர் உள்ளிட்ட ஐவர், "பாதிக்கப்படுவது நாங்களே" என்று சொந்தப் பெயரில் வந்தார்கள். 2018-இல் வென்றார்கள்.

அப்படியானால் அமைப்புக்கு என்ன வேலை? அந்த ஒருவரைத் தேடுவதும் தாங்குவதும். உள்ளூரில் குடியிருப்பவராக இருக்க வேண்டும். வீட்டாருக்கு ஏற்கெனவே தெரிந்திருக்க வேண்டும். வேலை போனால் பிழைக்க வழி வேண்டும். பத்தாண்டு பிடிக்கலாம் என்பதை முதல் நாளே சொல்லிவிட வேண்டும். ஒரோஸ்கோவுக்கு, அரசின் மேல்முறையீடு 2019 டிசம்பர் 30-இல் தள்ளுபடியாகும்வரை ஒன்பது ஆண்டுகளுக்குமேல் ஆனது. பிரமாணப் பத்திரத்தில் "அவமானப்பட்டேன்" என்று எழுதினால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் ஊதித் தள்ளிவிடுவார். எந்தத் தேதி, எந்த இடம், யார் என்ன சொன்னார், எந்தக் காவல் நிலையத்தில் புகார், ரசீது எங்கே, இவைதான் நிற்கும். புகாரை வாங்க மறுத்தார்களா? பதிவுத் தபாலில் அனுப்பி ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்.

கேட்கும் நிவாரணத்திலும் நிதானம் வேண்டும். பெலிஸில் 53 முழுவதையும் அழித்தால் குழந்தைகள் மீதான குற்றத்துக்கும் பாதுகாப்பு போய்விடும் என்று எதிர்த்தரப்பு கிளம்பும். எனவே நீதிமன்றம் பிரிவை விட்டுவைத்து, வயதுவந்தோர் சம்மதத்துடன் தனிமையில் ஈடுபடுவதற்கு இது பொருந்தாது என்று ஒரு வாக்கியத்தைச் சேர்த்தது. அந்த வாதத்துக்கு இடமில்லாமல் போனது. வெஸ்ட் இண்டீஸ் பல்கலைக்கழகச் சட்ட ஆசிரியர்கள் அந்த வழக்குக்குப் பின்னால் இருந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். உணர்ச்சி மட்டும் இருந்தால் இந்த நுட்பம் வராது.

அட, நீங்கள் கேட்டது பேரணியா பதிவா என்றல்லவா. பெலிஸில் பெருமித வாரம் (பிரைடு) கொண்டாடியது 2017-இல், தீர்ப்புக்கு அடுத்த ஆண்டு. பேரணிக்கு அவசரமில்லை. பதிவுக்கு, தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம் 1975-இன்படி குறைந்தது ஏழு பேர் வேண்டும், நாலைந்து போதாது. மற்றவர்கள் சேரும்வரை டிரஸ்டாகப் பதிந்துகொள்ளலாம். ஒன்றை மட்டும் கவனியுங்கள். பதிவான ஆவணங்களைக் கட்டணம் கட்டி யாரும் பார்க்கலாம். வீட்டுக்குத் தெரியாமல் கையெழுத்துப் போட வருகிற பிள்ளை யாராவது இருந்தால், தயவுசெய்து அந்தப் பெயரைப் பட்டியலில் எழுதாதீர்கள். வேறு வேலை கொடுங்கள்.